கடலோரம் வைத்த தூக்குப்போசி

ஆடி மாதம் பற்றவைத்த பீடியைத் தை மாதம் அணைத்த ஒரே மனிதர் இந்தப் பூலோகத்தில் கைலாசம்தான். நடுவில் அது அணையவும் இல்லை, விரலைச் சுடவும் இல்லை. ஒரே பீடி, அதிலும் பாதிதான் தீர்ந்தது. கேட்டால், பீடியில் ஒரு விசேஷமும் இல்லை, பிடித்த இடம் அப்படி என்பார். பனமரத்துப்பட்டி ஏரிக்கு அந்தப் பக்கம், முருகானந்தத்தின் சோளக்காட்டுக் கிணற்றுக்கு அடியில் ஒரு கடல் கிடக்கிறது. அந்தக் கடலில் நேரம் நொண்டும். அதன் கரையில் குந்திக்கொண்டு பிடித்த பீடி அது.

மல்லூர் பஸ் நிறுத்தத்து டீக்கடையில் இந்தக் கதைக்கு இருந்த மவுசு வடைக்குக்கூடக் கிடையாது. கதையும் ஓர் அளவில் நிற்காது. முதலில் கடலில் கால் நனைத்தார். சித்திரை பிறப்பதற்குள் முழுக்குப் போட்டார். அடுத்த வருஷம் நீந்தத் தொடங்கி, அதற்கடுத்த வருஷம் வேட்டியைப் பாயாகக் கட்டி அக்கரைக்கே போய்வந்துவிட்டார். எதிரே வந்த திமிங்கிலம், டிப்பர் லாரியைக் கண்ட டவுன் பஸ் மாதிரி ஓரம் ஒதுங்கி வழிவிட்டது. துள்ளின மீன் ஒன்று கீழே விழ மறந்து அந்தரத்தில் நின்றுகொண்டிருக்க, அதன் வாலைத் தட்டி, விழு சாமி, எத்தனை நேரம்தான் நிற்பாய் என்று புத்தி சொல்லிவிட்டு வந்தார். கேட்டவர்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். சிரித்தவர்கள் டீ வாங்கிக் கொடுத்தார்கள். போர் போடும் ரிக் வண்டி வேலைக்கு முழுக்குப் போட்டுவிட்டு வீட்டில் உட்கார்ந்த மனிதருக்கு வேறென்ன வேண்டும்?

ஒருநாள் யாரோ, கடல் தண்ணீர் அவ்வளவு உப்பா என்று கேட்டார்கள்.

"உப்புத்தானுங்க. ஆனா எங்க பழனியம்மா ஆக்கற அரிசிம்பருப்புச் சோறு அளவுக்கு இல்லீங்க."

கடை அதிர்ந்தது. அதே நேரம் வாசலில் ஸ்கூட்டியை நிறுத்திப் பால் பாக்கெட் வாங்கிக்கொண்டிருந்தாள் அவர் மகள் தமிழ்ச்செல்வி. அவள் திரும்பிப் பார்க்கவில்லை. சில்லறையை வாங்கிப் பையில் போட்டாள், வண்டியைக் கிளப்பினாள், போய்விட்டாள். கைலாசத்துக்கு அன்றைக்கு இரண்டாவது டீ இறங்கவில்லை.

பழனியம்மாள் கைலாசத்தின் சம்சாரம். அவள் செத்துப்போனது, கைலாசம் அந்தப் பீடியைப் பிடித்துக்கொண்டிருந்த நேரத்தில்.

இதைத்தான் தமிழ்ச்செல்வியால் பொறுக்க முடியவில்லை. ஊரே சிரித்தாலும் அவள் ஒருத்தி சிரிக்காமல் இருந்ததற்கு இதுதான் காரணம். அவள் கணக்கில் நடந்தது இவ்வளவுதான்: அம்மாவுக்கு இரண்டு கிட்னியும் கெட்டுப்போயிருந்தது. மறுநாள் சேலத்தில் ஆஸ்பத்திரியில் சேர்ப்பதாக இருந்தது. முதல்நாள் காலையில், மத்தியானத்துக்குள்ள வாரேன் என்று சொல்லிவிட்டு வேலைக்குப் போன மனுஷன் வரவில்லை. கூட வேலை செய்தவர்கள் கிணற்றில் இறங்கித் தேடியும் ஆள் கிடைக்கவில்லை. ஆடி போயிற்று, ஆவணி போயிற்று. ஐப்பசியில், தீபாவளிக்குச் சற்று முந்தி, அம்மாவும் போய்விட்டாள். கொள்ளி வைக்க ஆண்பிள்ளை இல்லாத வீட்டில் தமிழ்ச்செல்வியே தீச்சட்டி தூக்கினாள், அவளே கொள்ளி வைத்தாள். தைப்பொங்கல் கழிந்து, கோலத்துச் செம்மண் காயாத ஒரு நாளில், கையில் ஒரு பாட்டில் தண்ணீரோடு வீட்டு வாசலில் வந்து நின்றார் கைலாசம். பழனியம்மா எங்கே, அவளுக்குக் கடல் தண்ணி கொண்டுவந்திருக்கேன் என்றார்.

அந்தத் தண்ணீரைத் தமிழ்ச்செல்வி வாங்கி வாசலிலேயே கொட்டினாள். உப்புக் கரைத்த தண்ணீர் என்று பக்கத்து வீட்டார் நக்கிப் பார்த்துச் சொன்னார்கள். சுவரில் மாலை போட்ட படத்தைப் பார்த்துவிட்டு அவர் அங்கேயே உட்கார்ந்தவர், மறுநாள் விடிந்த பிறகுதான் எழுந்தார்.

பெண்டாட்டி சாவதைப் பார்க்கத் தைரியம் இல்லாமல் ஓடிப்போய், எங்கோ ஒளிந்திருந்து, எல்லாம் முடிந்தபின் கதையோடு வந்தவர். மகளுக்கு அவர் அவ்வளவுதான். வீட்டை விட்டுத் துரத்தவில்லை. சோறு போட்டாள், துணி துவைத்துப் போட்டாள், சளி பிடித்தால் மாத்திரை வாங்கி வந்தாள். ஒன்றே ஒன்றை மட்டும் நிறுத்திக்கொண்டாள். அந்தப் பக்கத்தில் பேச்சுக்குப் பேச்சு எல்லாருக்கும் ஒரு 'ங்க' உண்டு. பஸ் கண்டக்டருக்கு உண்டு, தெருவில் கோலப்பொடி விற்கிறவருக்கு உண்டு. பெற்ற அப்பனுக்கு மட்டும் அதோடு ஒரு 'ப்பா' ஒட்டிக்கொள்ளும்: வாங்ப்பா, சொல்லுங்ப்பா, போதுமுங்ப்பா. தமிழ்ச்செல்வி அந்த 'ப்பா'வைக் கத்தரித்துவிட்டாள். சாப்பிட வாங்க என்பாள். வெந்நீர் வெச்சிருக்குதுங்க என்பாள். கண்டக்டருக்குக் கிடைக்கிற மரியாதை அப்படியே கைலாசத்துக்கும் கிடைத்தது, ஒரு குந்துமணி குறையாமல்.

கைலாசம் ஊரெல்லாம் கதையைப் பெருக்கிக்கொண்டு திரிந்ததற்கும் அடியில் இதுதான் இருந்தது. சிரிக்கிற கூட்டம் பெரிதாக ஆக, மகளின் மௌனம் காதில் விழாது. ஊர் முழுக்க நம்பினாலும் அவருக்குப் பிரயோசனம் இல்லை. அவள் ஒருத்தி நம்பினால் போதும். அவளிடம் சொல்லத்தான் வாய் வரவில்லை.

அவள் பொய்யை லேசில் விடுகிறவளும் அல்ல. ராசிபுரம் ரோட்டில் ஜவ்வரிசி செய்யும் ஒரு சேகோ பேக்டரியில் வேலை. கிழங்கு மாவு தொட்டியில் படிந்து கிடக்கும்போது, புளித்துவிட்டதா, இன்னும் தாங்குமா என்று கிட்டே போய் ஒரு மூச்சு இழுத்தே சொல்லிவிடுவாள். சந்தேகம் இருந்தால் நாக்கு நுனியில் ஒரு துளி. அந்த மூக்கையும் நாக்கையும் யாரும் ஏமாற்றியதில்லை. கைலாசம் டீக்கடையில் ஒருநாள், என் மகள் போன வருஷத்து மாவு எந்தக் கிழமை புளித்தது என்றுகூடச் சொல்வாள் என்று அளந்தார். அது ஒன்றுதான் அவர் அளந்ததில் கொஞ்சம் நிஜத்துக்குக் கிட்டே இருந்தது.

இந்த வருஷம் மழை பொய்த்து, முருகானந்தத்தின் கிணறு வற்றியது. கைலாசம் வெளியே வந்த மறுவருஷம் ஏரி நிரம்பியதும் நிரம்பிய கிணறு அது. அதற்கு முன் இறங்கிப் பார்க்க யாருக்கும் தோன்றவில்லை, அதற்குப் பின் தண்ணீர் நின்றதால் முடியவில்லை. கடலுக்கு அந்தத் தண்ணீரே மூடியாகப் போயிற்று. இப்போது வற்றியதோடு முருகானந்தம் காட்டையும் மனை போட்டு விற்கக் கிளம்பிவிட்டார். அடுத்த வாரம் டிப்பர் டிப்பராகக் கல்லும் மண்ணும் கொட்டிக் கிணற்றை மூடப்போகிறார்கள் என்ற செய்தி டீக்கடைக்கு வந்தது. கேட்டவுடன் கைலாசம் கையிலிருந்த டம்ளரை வைத்துவிட்டு வீட்டுக்கு நடந்தார். அன்றைக்கு அவர் கதை சொல்லாமல் போனதை அந்தக் கடையில் ரொம்ப நாள் அதிசயமாகப் பேசிக்கொண்டார்கள்.

தமிழ்ச்செல்வி மாவு ஆட்டிக்கொண்டிருந்தாள். லாரி ஓட்டப் போன அவள் புருஷன் ஊர் திரும்ப இன்னும் நாளிருந்தது. வீட்டில் வேறு யாரும் இல்லை. கைலாசம் கிரைண்டர் சத்தத்துக்கு மேலே சத்தம் போட்டு, கிணற்றை மூடப்போறாங்க சாமி, அதுக்கு முந்தி ஒருக்கா நீ வந்து பாத்துரு என்றார். அவள் கிரைண்டரை நிறுத்தினாள். கையில் ஒட்டிய மாவை வழித்தாள்.

"வாரனுங்க. கெணத்துக்குள்ளயும் எறங்கறேன். அங்க ஒண்ணும் இல்லீன்னா, நீங்க அந்த டீக்கடைக்கே போயி, பொண்டாட்டி சாவறதப் பாக்க மாட்டாம ஓடிப்போயிட்டேன்னு உங்க வாயால சொல்லோணும். அதுக்கப்பறம் கடலுன்னு ஒரு வார்த்த இந்த ஊட்டுல வரக்கூடாது."

"செரி சாமி."

"இப்பச் சொல்லுங்க. திமிங்கலம் கிமிங்கலம் இல்லாம."

கைலாசம் சமையலறை நிலைப்படியில் உட்கார்ந்தார். கதை சொல்லிப் பழகிய கைகளை மடியில் வைத்துக்கொண்டார். அவை ஆடாமல் இருந்தது அவருக்கே புதிதாக இருந்தது.

அன்றைக்கு வேலைக்குப் போகச் சொன்னதே பழனியம்மாள்தான். என்ற மூஞ்சியையே பாத்துட்டு உக்காந்திருக்காதீங்க, பாதியில விட்ட வேலையை முடிச்சுப்போட்டு வாங்க என்று விரட்டிவிட்டாள். வேலை, சைடு போர். வற்றின கிணற்றுக்குள் மிஷினோடு இறங்கி, அடிச்சுவரில் படுக்கைவாட்டில் துளை போடுவது. நேர்கீழே கிடைக்காத தண்ணீர் பக்கவாட்டில் எங்காவது ஒளிந்திருக்கும். மேலே நின்ற ஆட்கள் டீ குடிக்கப் போயிருந்த நேரம், ராடு சடக்கென்று உள்ளே ஓடியது. கல் சரிந்தது. தரையை ஒட்டி, நீட்டிக்கொண்டிருந்த பாறைக்குப் பின்னால், ஓர் ஆள் படுத்து நுழைகிற அளவுக்குச் சந்து. உள்ளேயிருந்து காற்று வந்தது. கல்லுக்குள்ளிருந்து காற்று வருமா? பழனியம்மாள் காலைச் சோறு கட்டிக் கொடுத்த தூக்குப்போசியையும் தண்ணீர் பாட்டிலையும் எடுத்துக்கொண்டு நுழைந்தார்.

அந்தப் பக்கம் கடல்.

சூரியன் கிடையாது. வெளிச்சம் தண்ணீருக்குள்ளிருந்து வந்தது, நுங்கை வெயிலில் பிடித்துப் பார்த்த மாதிரி. மேலே கூரையா, வானமா தெரியவில்லை. அலை எழும்பி, விழலாமா வேண்டாமா என்று யோசித்துவிட்டு விழுந்தது. தூரத்தில் ஓரிடத்தில் அலை விழவே இல்லை. நுரையோடு, கல்லில் செதுக்கி வைத்தது போல் நின்றது. அந்த இடத்துக்கு மேலே ஒரு மீன் துள்ளினபடி இருந்தது. இதை மட்டும் நான் சேர்த்துச் சொல்லவில்லை சாமி, மீன் நிஜம் என்றார் கைலாசம். குளிக்கவில்லை, நீந்தவில்லை. போசியைச் சந்துக்குப் பக்கத்தில் ஒரு கல்மேல் வைத்தார். ஒரு பீடி பற்றவைத்தார். கால் நனைத்தார்.

"உங்கம்மா கடலப் பாத்ததே இல்லியே சாமி. ஆஸ்பத்திரிக்குப் போயி ஒடம்பு தேறுனதும் ராமேஸ்வரத்துக்குக் கூட்டிட்டுப் போறேன்னு சொல்லியிருந்தேன். அதா, கடலே பக்கத்துல வந்துருச்சு, ஒரு பாட்டல்ல மோந்துட்டுப் போலாம்னு குனிஞ்சேன். அவ்வளவுதான் நான் பண்ணுனது."

குனிந்து நிமிர்ந்தபோது, அலை நின்றுபோன அந்த இடம் கரையை நோக்கி நகர்ந்து வந்திருந்தது. பக்கத்து அலை நின்றது. அதற்குப் பக்கத்தது நின்றது. காதில் சத்தம் அறுந்தது. அவர் பயந்து, பாட்டிலோடு சந்தில் பாய்ந்து இந்தப் பக்கம் விழுந்தார். பின்னால் கல் சரிந்து சந்தை மூடியது. போசி அங்கேயே நின்றுவிட்டது. வாயில் பீடி இருந்தது. மிஷினும் இல்லை, மேலே ஆட்களும் இல்லை. படியேறி வந்து பார்த்தால், விதைப்பு நடந்துகொண்டிருந்த காட்டில் சோளத்தட்டு அறுத்துப் போர் போட்டிருந்தது.

தமிழ்ச்செல்வி முழுவதையும் கேட்டாள். பிறகு கிரைண்டரைப் போட்டுவிட்டாள்.

ஞாயிற்றுக்கிழமை காலையில் இருவரும் போனார்கள். கிணற்றைச் சுற்றி டிப்பர்கள் வரிசையில் நின்றன. முருகானந்தம், கடல் இருப்பது உறுதியானால் சொல்லுங்க, மனைக்கெல்லாம் கடற்கரைன்னு பேர் வெச்சு வெலையை ஏத்திப்போடறேன் என்று கேலி பேசினார். கைலாசம் சிரிக்காமல் கிணற்றையே பார்த்து நின்றது முருகானந்தத்துக்கே ஒரு மாதிரியாக இருந்திருக்க வேண்டும். சட்டென்று குரலைத் தாழ்த்தி, பாத்துட்டு வாங்கண்ணா, மத்தியானம்வரைக்கும் வண்டியை நிறுத்தி வெக்கறேன் என்றார். படி இடிந்து கிடந்ததால், கிரேன் ஓட்டும் அன்பரசு அப்பனையும் மகளையும் தொட்டியில் ஏற்றி மெதுவாக இறக்கினான்.

அடியில் சேறு காய்ந்து பாளம் பாளமாக வெடித்திருந்தது. கைலாசம் நீட்டிக்கொண்டிருந்த பாறையைச் சுற்றிப் போய் மண்டியிட்டார். கடப்பாரையால் இடுக்கி இடுக்கி, சரிந்த கற்களை ஒவ்வொன்றாகப் பெயர்த்தார். மூச்சு வாங்கியது. தமிழ்ச்செல்வி கைகட்டி நின்று பார்த்தாள். கல்லுக்குப் பின்னால் கல். அதற்குப் பின்னாலும் கல். கைலாசத்தின் நெஞ்சில் அந்த டீக்கடை வந்து நின்றது. அங்கே போய், ஓடிப்போனேன் என்று சொல்லப்போகிற தன் வாயும் வந்து நின்றது. ஓடிப்போகவில்லை என்பது அவர் ஒருவருக்குத்தான் தெரியும். அவர் ஒருவருக்குத் தெரிந்து என்ன ஆகப்போகிறது?

அடுத்த கல் பெயர்ந்தபோது காற்று வந்தது.

தமிழ்ச்செல்வியின் கை தானாக அவிழ்ந்தது. மூக்கு ஒருமுறை விடைத்தது. அவள் பக்கத்தில் வந்து மண்டியிட்டாள். ஒரு கை நுழைகிற ஓட்டை. உள்ளே மங்கின வெளிச்சம். அவள் கன்னத்தைக் கல்லில் அழுத்தி ஒரு கண்ணால் பார்த்தாள். நெடுநேரம் பார்த்தாள். என்ன தெரியுது சாமி என்று இரண்டு தடவை கேட்டார் கைலாசம்.

அவர் இன்னொரு கல்லை நெம்பப் போனார். ஓட்டையைப் பெரிதாக்கி உள்ளே போய் எடுத்துவந்துவிடலாம், போசி பக்கத்தில்தான் இருக்கும் என்றார். கடப்பாரையை அவள் பிடித்துக்கொண்டாள்.

"நீங்க உள்ள போவ வேண்டாமுங்க."

"எட்டிப் புடிக்கற தூரந்தான்."

"வேண்டாமுங்க. போனா எப்ப வருவீங்க? நான் மறுக்காவும் எத்தன நாளு வாசலப் பாக்கறது?"

கைலாசம் அவள் முகத்தைப் பார்த்தார். குறும்பு அவரைக் கேட்டுக்கொண்டா வரும்? இந்த நேரத்திலும் வந்துவிட்டது.

"இல்லாத கடலுக்கு எதுக்குச் சாமி இத்தனை பயம்?"

அவள் சுடிதார்க் கையைத் தோள்வரை சுருட்டிக்கொண்டு, ஓட்டைக்குள் கையை விட்டாள். தோள் கல்லில் முட்டும்வரை விட்டாள். கண்ணை மூடிக்கொண்டு தடவினாள். கைலாசம் அவளுடைய இன்னொரு கையை இறுகப் பிடித்துக்கொண்டார், கிணற்றுக்குள் விழப்போகிற பிள்ளையைப் பிடிப்பது போல. கிணற்றின் அடியில் உட்கார்ந்திருக்கிறோம் என்பது அவருக்கு அப்போது நினைவில் இல்லை.

அவள் கை வெளியே வந்தபோது மணிக்கட்டில் நுரை ஒட்டியிருந்தது. விரலில் தொங்கியது தூக்குப்போசி.

எவர்சில்வர் போசி. மூடியில் கல்யாணத்துக்கு வெட்டின பெயர், பழனியம்மாள். 'ள்' மட்டும் இடம் பற்றாமல் கீழே தொங்கும். எண்ணெய் கசியாமல் இருக்க, பழைய புடவைக் கிழிசலால் இறுக்கி இரட்டை முடிச்சுப் போட்டிருந்தது. துணியின் ஓரத்தில் மஞ்சள் விரல் பட்ட தடம். தமிழ்ச்செல்வி அதைத் தொட்டாள். விரலில் மஞ்சள் ஒட்டியது. தடம் இன்னும் ஈரமாக இருந்தது.

போசி சுட்டது.

கைலாசத்தின் வாயிலிருந்து இத்தனை வருஷமாக வழிந்து ஓடிய வார்த்தை எல்லாம் எங்கே போயிற்றோ. முடிச்சில் கை வைத்த மகளின் கையை அவர் தடுத்தார்.

"தொறக்காதே சாமி. இதுக்குள்ள இன்னும் அன்னிக்குக் காத்தாலதான். உங்கம்மா ஊட்டுல உக்காந்துட்டு இருக்கறா. நான் மத்தியானத்துக்கு வருவேன்னு பாத்துட்டு இருக்கறா."

கிணற்றின் அடியில் வேறு சத்தம் இல்லை. மேலே வட்டமாக ஒரு துண்டு வானம். போசியின் சூடு துணி வழியாக அவள் மடியில் இறங்கிக்கொண்டிருந்தது. அம்மா சாவதற்கு முந்தின நாட்களில் வாசல் கேட் சத்தம் கேட்கும்போதெல்லாம், உங்கொப்பன் வந்தாச்சான்னு பாரு என்பாள். தினமும் ராத்திரி அவருக்கென்று ஒரு கை சோறு எடுத்து வைக்கச் சொல்லுவாள். வைத்த சோறு காலையில் கோழிக்குப் போகும். அந்தச் சோற்றைக் கோழிக்குக் கொட்டினவள் தமிழ்ச்செல்வி. இதையெல்லாம் அவள் அவரிடம் ஒருநாளும் சொன்னதில்லை. இப்போது சொன்னாள், தலை நிமிராமல், குரலில் கோபம் இல்லாமல். கைலாசம் கேட்டுக்கொண்டே இருந்தார். அவர் தலை ஆடிக்கொண்டிருந்தது, ஆமாம் என்றும் அல்ல, இல்லை என்றும் அல்ல.

"சாப்படத்தானுங்க அம்மா கட்டிக் குடுத்தா" என்றாள் கடைசியில். "ஆறிப்போயிருமுங்க."

முடிச்சை அவிழ்த்தாள். மூடியைத் திறந்ததும் ஆவி எழுந்து இரண்டு பேர் முகத்திலும் பட்டது. அரிசிம்பருப்பு. மேலே போட்ட கொத்தமல்லி வாடாமல் பச்சையாகக் கிடந்தது. நெய் இன்னும் உறையவில்லை.

கைலாசத்துக்கு, வேண்டாம், இரு, ஒரு நிமிஷம் என்று சொல்லத் தோன்றியது. அந்த ஆவி அடங்குவதற்குள் ஏதாவது செய்ய முடிந்தால், இந்தக் கிணற்றை ஏறி, பஸ் பிடித்து, ஓடி, அந்தக் காலைக்குள் போய் நுழைந்துவிட முடிந்தால். ஆவி மெல்ல மெலிந்தது. மேலே போய்க் கிணற்றுக் காற்றில் கலந்தது. அவர் பார்த்துக்கொண்டிருக்கும்போதே, அந்த ஆடி மாதக் காலை முடிந்துபோயிற்று.

தமிழ்ச்செல்வி கைமணலைச் சுடிதாரில் துடைத்துக்கொண்டு ஒரு வாய் எடுத்து வைத்தாள்.

மென்றவள் நின்றாள்.

உப்பு. ஒருமுறை போட்டுவிட்டு, போட்டது மறந்து மறுமுறை போட்ட உப்பு. அம்மா நன்றாக இருந்த காலத்தில் அவள் கைப்பக்குவத்தை யாரும் குறை சொன்னது கிடையாது. கடைசி மாதங்களில் டாக்டர் உப்பைத் தொடக்கூடாது என்று சொல்லிவிட்டார். ருசி பார்க்க முடியாமல், கைக்கு வந்தபடி போட்டுச் சமைத்தாள். தினமும் உப்புக் கரித்தது. செரியா இருக்குதா சாமி என்று கேட்பாள். செரியா இருக்குதும்மா என்று சொல்லிவிட்டு, அப்பனும் மகளும் சொம்பு சொம்பாகத் தண்ணீர் குடிப்பார்கள். ஒருவரையொருவர் பார்த்துச் சிரிப்பை அடக்கிக்கொள்வார்கள். அந்தச் சில மாதங்களின் உப்பு இது. அதற்கு முன்னும் கிடையாது, பின்னும் கிடையாது. இன்னொருத்தர் சமைத்து இந்த உப்பு வராது. நாக்கை ஏமாற்ற முடியாத தமிழ்ச்செல்வி வாயில் சோற்றை வைத்துக்கொண்டு அப்படியே உட்கார்ந்திருந்தாள். கண்ணிலிருந்து வந்தது போசிக்குள் விழாதபடி முகத்தை மட்டும் ஒரு பக்கம் திருப்பிக்கொண்டாள்.

மேலேயிருந்து முருகானந்தத்தின் குரல் இறங்கி வந்தது. இறங்கிச் சித்த நேரந்தான் ஆனது போலிருந்தது. அவரோ, அண்ணா, என்னதான் பண்றீங்க, எத்தனை கூப்புட்டாலும் பதிலே இல்லை, பொழுது எறங்கிருச்சு, டிப்பர்க்காரங்கெல்லாம் ஊட்டுக்குப் போயாச்சு என்று கத்திக்கொண்டிருந்தார். கைலாசம் அண்ணாந்து பார்த்தார். வானத்துண்டு சிவந்திருந்தது.

தமிழ்ச்செல்வி அண்ணாந்து பார்க்கவில்லை. ஒரு உருண்டை பிடித்து அவர் உள்ளங்கையில் வைத்தாள். கைலாசம் வாயில் போட்டுக்கொண்டார்.

"அம்மா கேட்டா, செரியா இருக்குதுன்னுதானே சாமி சொல்லுவோம்?" என்றார்.

அவள் தலையாட்டினாள். அடுத்த உருண்டையைப் பிடித்தாள். போசியின் அடியில் கொஞ்சம்தான் மிச்சம் இருந்தது. அதையும் வழித்து அவர் கையில் வைத்துவிட்டு, விரலில் ஒட்டியிருந்த உப்பையும் மஞ்சளையும் பார்த்தபடி சொன்னாள்.

"நீங்க சொன்னது நடந்துச்சுங்ப்பா."